சாயவேரும் எல்லைக்கோடும்

2022 ஏப்ரல் 4ஆம் தேதி சித்தூர் மாவட்டத்தைப் பிரித்துத் திருப்பதி மாவட்டம் அமைத்தபோது, நெல்லூர்ப் பக்கத்திலிருந்து சூளூர்ப்பேட்டை, வெங்கடகிரி, கூடூர் பகுதிகளையும் அதனோடு இணைத்தார்கள். ஏழுமலைக்கும் கோயிலுக்கும் பேர்போன மாவட்டத்துக்கு இப்படி ஒரு கடற்கரை வந்து சேர்ந்தது. பழவேற்காடு ஏரியின் வடக்குப் பகுதி, ஸ்ரீஹரிகோட்டா தீவு, துகராஜபட்டினம் என்று உப்புக்காற்று வீசும் ஊர்களும், ஸ்ரீகாளஹஸ்தி என்ற கோயில் நகரமும் ஒரே கலெக்டரின் கீழ் வந்தன. நிர்வாகக் கணக்கில் செய்த காரியம்தான். ஆனால் காளஹஸ்தியின் கலம்காரித் துணியைப் பற்றி யோசிப்பவருக்கு இந்த இணைப்பு தாமதமாக நடந்த நியாயம் என்றே தோன்றும். அந்தத் துணியின் சிவப்பு கடற்கரையில் பிறந்தது.

கலம்காரி பற்றி எழுதப்பட்டவற்றில் பெரும்பகுதி பேனாவைப் பற்றியது. மூங்கில் குச்சியில் கம்பளியோ மயிரோ சுற்றி நூல்கட்டிய எழுதுகோல், அதைப் பிடித்த கை, அந்தக் கை வரைந்த ராமாயணம். நிறம் எந்த மண்ணிலிருந்து, எந்தத் தண்ணீரால் வந்தது, அதைச் செய்யும் பக்குவம் எந்த மொழியில் கைமாறியது என்பதெல்லாம் ஓரத்துக்குப் போய்விட்டன. மீட்டெடுப்பு என்ற பெயரில் கடந்த எழுபது ஆண்டுகளில் நடந்ததும் இதேதான் என்பது என் எண்ணம். பேனாவைக் காப்பாற்றினோம். நிறத்தைப் பாதிதான் காப்பாற்றினோம். நிறத்தைப் பற்றிய பேச்சைக் காப்பாற்ற யாரும் முயலவில்லை.

முதலில் கடற்கரை. 1613இல் டச்சுக்காரர்கள் பழவேற்காட்டில் கெல்ட்ரியா கோட்டையைக் கட்டினார்கள். அவர்களுக்கு வேண்டியிருந்தது சோழமண்டலக் கரையின் சாயத்துணி. இந்தோனேசியத் தீவுகளில் கிராம்பும் ஜாதிக்காயும் வாங்க வெள்ளிக்காசைவிட இந்தத் துணி நன்றாக எடுபட்டது. பழவேற்காட்டில் டச்சுக்காரர்களோடு ஒத்துப்போக முடியாமல் விலகிய ஆங்கிலேயர்கள், 1626 வாக்கில் வடக்கே துகராஜபட்டினத்தில் கடை விரித்தார்கள். அந்த இடத்தை அவர்கள் ஆர்மகான் என்று அழைத்தார்கள். உதவி செய்த ஆறுமுக முதலியாரின் பெயர்தான் அப்படித் திரிந்தது என்பது வழிவழியாகச் சொல்லப்படும் செய்தி. அங்கே நல்ல துணி போதுமான அளவு கிடைக்கவில்லை. எனவே ஆர்மகானின் தலைவர் பிரான்சிஸ் டே தெற்கே தேடிக்கொண்டு வந்தார். மதராசபட்டினத்தைச் சுற்றி நெசவாளரும் சாயமிடுவோரும் எழுதுவோரும் இருப்பதையும், துணி விலை மலிவாக இருப்பதையும் பார்த்தார். 1639இல் தாமர்ல வெங்கடாத்ரி நாயக்கரிடமிருந்து நிலம் வாங்கினார். அந்தத் தாமர்ல வம்சமே பின்னாளில் காளஹஸ்தி ஜமீன். சென்னை நகரம் பிறந்த கதையைக் கோட்டையிலிருந்தும் கவர்னரிலிருந்தும் தொடங்குவது வழக்கம். துணியிலிருந்தும் காளஹஸ்தியிலிருந்தும் தொடங்கினாலும் கதை ஒழுங்காகவே வரும். கிட்டத்தட்ட ஒரு நூற்றாண்டு கழித்து, 1734இல், நூற்போர், நெய்வோர், சாயமிடுவோருக்கென்றே கம்பெனி சிந்தாதிரிப்பேட்டையை அமைத்ததும் அதே கதையின் தொடர்ச்சி.

அந்தத் துணியில் ஐரோப்பியரை மயக்கியது ஓவியம் என்று சொல்வது பாதி உண்மை. வெளுக்க வெளுக்கப் போகாத சிவப்புதான் அவர்களைக் கிறங்கடித்தது. அதுவரை ஐரோப்பாவில் பருத்தித் துணியில் நிறத்தை நிலைக்கவைக்கும் வித்தை கைகூடவில்லை. 1686இல் பிரான்ஸ் தன் நெசவாளர்களைக் காப்பாற்ற இந்தியச் சாயத்துணியைத் தடை செய்தது. இங்கிலாந்து 1700இலும் 1721இலும் சட்டம் போட்டது. பிரான்ஸ் 1759இலும் இங்கிலாந்து 1774இலும் அவற்றைத் தளர்த்துவதற்குள் அங்கே அச்சுத்துணி ஆலைகள் தலையெடுத்துவிட்டன. தடை இருந்த காலத்தில் வித்தையைத் திருடும் வேலை மும்முரமாக நடந்தது.

வித்தை இதுதான். சிவப்பு எந்தப் பானையிலும் தயாராக இருப்பதில்லை. துணியின்மேல் படிகார நீரால் எழுதுகிறார்கள். அப்போது அங்கே சிவப்பே இல்லை. பிறகு சாயவேரோடு துணியைக் கொதிக்கவைத்தால், படிகாரம் பட்ட இடம் மட்டும் சிவப்பைப் பிடித்துக்கொள்ளும். மற்ற இடத்தில் ஏறிய மங்கல் நிறம் கழுவலிலும் வெயிலிலும் போய்விடும். கறுப்பு வேறு வகை. துருப்பிடித்த இரும்பையும் வெல்லத்தையும் கருப்பட்டியையும் தண்ணீரில் இரண்டு மூன்று வாரம் புளிக்கவிட்டு எடுப்பது கசிமி. கடுக்காயில் நனைத்த துணிமேல் அது பட்டவுடன் கறுக்கும், கடுக்காயின் துவர்ப்பும் இரும்பும் சேர்வதால். கடுக்காயோடு எருமைப்பால் சேர்த்து நனைப்பது ஏன் என்றால், பாலின் கொழுப்பு இருந்தால்தான் கோடு பரவாமல் நிற்கும். ஒவ்வொரு கட்டத்துக்கும் நடுவில் ஓடும் தண்ணீரில் அலச வேண்டும். தேங்கிய தண்ணீரில் அலசினால் கரைந்த படிகாரம் வேண்டாத இடத்தில் போய் ஒட்டிக்கொள்ளும்.

சாயவேர் என்று சொல்லப்படும் செடிக்குத் தமிழில் இம்பூறல் என்றும் பெயர் உண்டு. தெலுங்கில் சிரிவேரு. சித்த வைத்தியர்கள் இதை ரத்தவாந்திக்கு மருந்தாகக் கொடுப்பார்கள். தரையோடு கிடக்கும் சின்னச் செடி, மணலுக்குள் நீண்டு போகும் மெல்லிய வேர். சிவப்பு அந்த வேரின் பட்டையில் இருக்கிறது. கிருஷ்ணா நதி முகத்துவாரத்தில் நிஜாம்பட்டினம் பகுதி வேருக்கும், இலங்கையின் வடக்கே மன்னார், யாழ்ப்பாணப் பகுதி வேருக்கும் தனி மதிப்பு இருந்தது. டச்சுக்காரர்கள் இலங்கையில் சாயவேர் தோண்டுவதை அரசு வருமானமாகவே வைத்துக்கொண்டார்கள். கடற்கரை வேருக்கு ஏன் இந்த மவுசு? மணலில் கிளிஞ்சலும் சிப்பியும் நொறுங்கிக் கலந்திருப்பதால் சுண்ணாம்புச் சத்து அதிகம். படிகாரத்திலுள்ள அலுமினியத்தோடு சுண்ணாம்பும் சேரும்போதுதான் அந்தச் சாயம் ஆழ்ந்த, கெட்டியான சிவப்பாகிறது. சாயமிட்டவர்களுக்கு இந்த ரசாயனம் தெரியாது. எந்த ஊர் வேர், எந்தக் கிணற்றுத் தண்ணீர் என்று பார்த்து வாங்கத் தெரியும். அது போதுமானதாக இருந்தது.

இந்த அறிவை ஐரோப்பாவுக்கு எழுதி அனுப்பியவர்களில் முக்கியமானவர் பிரெஞ்சு ஏசுசபைப் பாதிரியார் கேர்தூ. கிறிஸ்தவராக மாறிய சாயத்தொழிலாளர்களிடம் கேட்டு, 1742இல் பருத்தித் துணிக்குச் சாயமேற்றும் முறையைப் படிப்படியாக விவரித்துக் கடிதம் எழுதினார். விசுவாசத்தின் பேரில் சொன்ன தொழில் ரகசியம் அச்சில் ஏறி ஆலை முதலாளிகளுக்குப் போய்ச் சேர்ந்தது. இதை அறிவுப் பரிமாற்றம் என்று மென்மையாக எழுதும் ஆய்வாளர்களைப் படிக்கும்போதெல்லாம் எனக்குக் கொஞ்சம் சிரிப்பு வரும். அதே கேர்தூதான் தெலுங்கு அகராதி தொகுத்தவர். 1767இல் சமஸ்கிருதத்துக்கும் லத்தீனுக்கும் கிரேக்கத்துக்கும் உள்ள உறவைச் சுட்டிப் பாரிஸ் கல்விக்கழகத்துக்கு எழுதியவரும் அவரே. நிறத்தையும் மொழியையும் ஒரே காதால் கேட்ட மனிதர். அவருக்குப் பின் 1816இல் சென்னையில் கம்பெனி அதிகாரி எல்லிஸ், தெலுங்கும் தமிழும் சமஸ்கிருதத்தில் பிறந்தவை அல்ல, தனிக் குடும்பம் என்று நிறுவினார்.

நம் கரைக்கு வந்த இன்னொருவர் காலின் மெக்கன்சி. 1754இல் ஸ்காட்லாந்தின் மேற்கே லூயிஸ் தீவில் ஸ்டோர்னோவே துறைமுக ஊரில் பிறந்தவர். கேலிக் மொழியின் கோட்டை என்று இன்றும் சொல்லப்படும் தீவு அது. 1783இல் சென்னைக்கு வந்த ராணுவப் பொறியாளர், 1815இல் இந்தியாவின் முதல் சர்வேயர் ஜெனரல் ஆனார். காவலி வெங்கட பொர்ரய்யாவும் அவர் சகோதரர்களும் ஊர் ஊராகப் போய் அவருக்காகத் திரட்டிய தெலுங்கு, தமிழ், கன்னட ஏடுகளும் கைபீது எனப்படும் ஊர் வரலாற்றுக் குறிப்புகளும் சென்னைக் கீழ்த்திசைச் சுவடி நூலகத்தில் இன்றும் ஒரு கருவூலம். அரசர், பாளையக்காரர், கோயில், வரி எல்லாம் அந்தத் தொகுப்பில் நிறைந்து கிடக்கின்றன.

நிறமும் அதைச் சொல்லும் மொழியும் எப்படிப் பிழைக்கும் என்ற கேள்வியை மெக்கன்சியின் தீவைப் பற்றிப் பேசாமல் முழுதாகப் பார்க்க முடியாது. அங்கேயும் ஒரு துணி இருக்கிறது, ஹாரிஸ் ட்வீட். பாறைமேல் படரும் பாசிபோன்ற கற்பாசியைக் கரண்டியால் சுரண்டி, கம்பளியோடு அடுக்கடுக்காகப் பானையிலிட்டுக் கொதிக்கவைத்துச் செம்பழுப்பு நிறம் எடுத்தார்கள். அதற்குக் கேலிக்கில் க்ரோட்டல் என்று பெயர். 1993இல் பிரிட்டிஷ் நாடாளுமன்றம் இந்தத் துணிக்கென்றே ஒரு சட்டம் இயற்றியது. கம்பளிக்கு அந்தத் தீவுகளிலேயே சாயமேற்ற வேண்டும், அங்கேயே நூற்க வேண்டும், தீவுவாசி தன் வீட்டில் கைத்தறியில் நெய்ய வேண்டும். கம்பளி எந்த ஆட்டுடையது என்பதில் சட்டம் பிடிவாதம் காட்டவில்லை. சாயம் எந்தக் கற்பாசியிலிருந்து என்றும் கேட்கவில்லை. இன்று ஆலைச் சாயந்தான். துணி பிழைத்தது. மொழி? 2005இல் கேலிக்குக்கு ஒரு சட்டம் வந்தும், 2022 மக்கள்தொகைக் கணக்கில் அந்தத் தீவுக்கூட்டத்திலேயே கேலிக் பேசுவோர் பாதிக்கும் கீழே இறங்கிவிட்டார்கள்.

கேலிக்கின் நிறப்பெயர்களை எடுத்துக்கொண்டால் இன்னொரு ஒற்றுமை தெரியும். அதில் கோர்ம் என்பது கடலின் நீலத்துக்கும் செழித்த புல்லுக்கும் பொதுவானது. கிளாஸ் என்றால் சாம்பலும் பச்சையும். மனிதரின் செம்பட்டைத் தலைக்கும் நரிக்கும் ஒரு சிவப்பு, ரத்தத்துக்கும் சாயத்துக்கும் இன்னொன்று. இதே கதைதான் சித்தூர்ப் பக்கம். தெலுங்கில் பச்ச என்றால் பச்சையும் ஆகும், மஞ்சளும் ஆகும். வேறுபடுத்த வேண்டுமானால் ஆகுபச்ச, பசுபுபச்ச என்று இலையையும் மஞ்சளையும் முன்னால் சேர்ப்பார்கள். தமிழில் பச்சை பச்சைதான் என்று நாம் நினைத்துக்கொண்டிருக்கிறோம், பசும்பொன்னையும் பசலையையும் மறந்துவிட்டு. 1969இல் பெர்லின், கே என்ற இரு அமெரிக்க ஆய்வாளர்கள், எல்லா மொழிகளும் நிறப்பெயர்களை ஏறத்தாழ ஒரே வரிசையில்தான் சேர்த்துக்கொள்கின்றன என்றார்கள். கறுப்பு வெள்ளை முதலில், அடுத்துச் சிவப்பு, பிறகு பச்சையோ மஞ்சளோ, அதற்கப்புறம் நீலம். இந்தக் கொள்கையைத் திருத்தியும் மறுத்தும் ஏராளமாக எழுதியாகிவிட்டது. வண்ண அட்டையைக் காட்டி இது என்ன நிறம் என்று கேட்கும் அந்த முறையில் எனக்கும் நம்பிக்கை குறைவு. நிறத்தோடு வாழ்பவன் அட்டையைப் பார்த்துப் பேசுவதில்லை.

காளஹஸ்திப் பட்டறையில் நிறம் ஒரு வேலை வரிசை. முதலில் புளியங்குச்சிக் கரியால் வரைவு, அதன்மேல் கசிமிக் கறுப்பு. அடுத்துப் படிகாரம், பின் சிவப்புக்கான கொதிப்பு. அதற்குமேல் மறுபடி பால் நனைப்பு. பிறகு கடுக்காய்ப்பூ, மாதுளை ஓடு இவற்றிலிருந்து மஞ்சள். நீலம் பின்னால். பச்சை என்று தனியே ஒரு சாயமே கிடையாது. மஞ்சள் ஏறிய இடத்தில் நீலம் விழுந்தால் பச்சை. இலைக்கும் கிளிக்கும் ராமனின் மேனிக்கும் எந்தக் கட்டத்தில் எதைப் பூச வேண்டும் என்பது முன்கூட்டியே மனத்தில் இருக்க வேண்டும். தெலுங்கில் பச்ச இரண்டு நிறத்துக்கும் பொதுவாக இருப்பதால் இந்தப் பட்டறையில் யாருக்கும் குழப்பம் வந்ததில்லை, ஏனென்றால் அவர்கள் பேசுவது பெயரை அல்ல, அடுத்து என்ன செய்வது என்பதை. இந்த வரிசை எந்தப் புத்தகத்திலும் எழுதப்படாமல் கேட்டும் கண்டும் கைமாறியது. கலம்காரிக்குத் தெலுங்கில் வழங்கும் இன்னொரு பெயர் விராதபணி, எழுத்து வேலை. பழைய கோயில் திரைகளில் ஒவ்வொரு காட்சிக்கும் மேலே தெலுங்கு வரி ஓடும். கதை தெரியாதவருக்காக அல்ல. படத்தோடு எழுத்தும் ஒரே கோலால் வந்தது.

ஆனால் காளஹஸ்தி தெலுங்கு ஊர் மட்டும்தானா? கோயிலுக்குள் சோழர் காலத் தமிழ்க் கல்வெட்டுகள் இருக்கின்றன. சம்பந்தர் பாடிய தலம், கண்ணப்பர் கண்ணைப் பிடுங்கி அப்பிய இடம். ஊரைத் தொட்டு ஓடும் சுவர்ணமுகி தமிழ் நூல்களில் பொன்முகலி. தமிழகத்தின் வட எல்லையாகத் தமிழ் இலக்கணம் சொன்ன வேங்கடம் மேற்கே நிற்கிறது. 1911இல் வட ஆற்காட்டிலிருந்து பிரித்துச் சித்தூர் மாவட்டம் அமைத்தபோதும், 1953இல் ஆந்திரம் தனியானபோதும் இங்கே பேச்சு இரண்டாகப் பிரியவில்லை. ம.பொ.சி.யும் மங்கலங்கிழாரும் முன்னின்ற வடக்கெல்லைப் போராட்டத்துக்குப் பிறகு, எல்லைப் பிரச்சினையை ஆராய்ந்த படாஸ்கரின் சிபாரிசின்படி 1960 ஏப்ரல் 1 அன்று திருத்தணிப் பகுதி தமிழ்நாட்டுக்கு வந்தது. நகரி, புத்தூர், சத்தியவேடு, குப்பம் ஆந்திரத்தில் இருந்தன. அங்கெல்லாம் தெருவில் இன்றும் தமிழ் கேட்கும். தமிழ்வழி வகுப்புகள் மட்டும் சுருங்கிக்கொண்டு வருகின்றன. கிராமம் கிராமமாக மொழிக்கணக்கு எடுத்துக் கோடு போட்டவர்களுக்கு, ஒரே வீட்டில் சமையலறையில் ஒரு மொழியும் பட்டறையில் இன்னொரு மொழியும் பேசுபவரை எந்தக் கட்டத்தில் எழுதுவது என்பது கஷ்டமாகத்தான் இருந்திருக்கும்.

இதன் மறுபக்கம் தஞ்சைச் சீமையில் இருக்கிறது. கும்பகோணம் அருகே சிக்கல்நாயக்கன்பேட்டையில் நாயக்கர் காலத்தில் வந்து குடியேறிய தெலுங்கு பேசும் குடும்பங்கள் கலம்காரியைத் தொடர்ந்தன. தஞ்சை மராத்திய அரண்மனைக்காகக் கருப்பூரில் ஜரிகை நெசவின்மேல் மெழுகும் சாயமும் சேர்த்த புடவை செய்தார்கள். தெலுங்கு நாட்டில் தமிழ்ப் பாடல்பெற்ற தலத்தைச் சுற்றி ஒரு கலம்காரி, தமிழ் நாட்டில் தெலுங்கு வாயில் ஒரு கலம்காரி. ஸ்ரீகாளஹஸ்திக் கலம்காரிக்கு 2005-06இல் புவிசார் குறியீடு கிடைத்தது, கருப்பூர்க் கலம்காரிக்கு 2021இல். இரண்டு சான்றிதழ், இரண்டு மாநிலம். அவற்றின் பக்குவமும் பயன்படும் கடுக்காயும் ஒன்றுதான் என்பதை எந்தச் சான்றிதழும் சொல்ல வேண்டியதில்லை, சொல்லவும் இல்லை.

சாயத்துக்கு வருவோம். 1868இல் கிரேப், லீபர்மன் என்ற ஜெர்மானியர்கள் ஐரோப்பிய மஞ்சிட்டியின் சிவப்பான அலிசரினை ஆய்வுக்கூடத்தில் உருவாக்கினார்கள். சாயவேரின் சிவப்பும் அதே பொருள்தான். அடுத்த ஆண்டே உற்பத்திக்கான காப்புரிமை பதிவானது. 1897இல் ஜெர்மன் ஆலை நீலம் கடைக்கு வந்ததும் கடப்பையிலும் தென் ஆற்காட்டிலும் அவுரி வயல்கள் மெல்லக் காணாமல் போயின. வேர் தோண்டுகிறவருக்கும் பயிர் வைத்தவருக்கும் வேலை போயிற்று. இருபதாம் நூற்றாண்டின் நடுவில் காளஹஸ்தியில் விரல்விட்டு எண்ணும் அளவே எழுதுபவர்கள் மிஞ்சியிருந்தார்கள். கமலாதேவி சட்டோபாத்யாயாவின் முயற்சியில் 1950களின் இறுதியில் அங்கே பயிற்சி நிலையம் தொடங்கியது. ஜொன்னலகட்ட லட்சுமய்யா கற்றுக்கொடுத்தார். அவர் மகன் குரப்ப செட்டி 2008இல் பத்மஸ்ரீ பெற்றார். இந்த மீட்பு இல்லாவிட்டால் இன்று பேசுவதற்கு எதுவும் இருக்காது, அதைக் குறைத்துச் சொல்லக் கூடாது.

ஆனால் மீண்டுவந்த நிறம் எது? இன்று காளஹஸ்தியில் பல பட்டறைகளில் சிவப்புக்கு அலிசரின் கடைப்பொடி, அதனுடன் மஞ்சிட்டியோ வேம்பாடம்பட்டையோ. கடற்கரையிலிருந்து வேர் வருவது நின்றுபோயிற்று. சுவர்ணமுகியில் வருடத்தில் பல மாதம் மணல்தான் ஓடுகிறது, அலசத் தண்ணீருக்குக் குழாயும் தொட்டியும். நகரி, புத்தூர்ப் பக்கம் விசைத்தறிக்குத் துணையாக வந்த சாயப்பட்டறைகளின் கழிவு, ஆற்றில் போய் எல்லை தாண்டித் திருவள்ளூர் மாவட்டத்துக்கும் சேர்கிறது என்பது நெடுநாள் புகார். சந்தையில் கலம்காரி என்ற பெயரில் குவிந்திருப்பதில் பெரும்பாலானவை திரை அச்சு. துப்பட்டாவின் விலையைப் பார்த்தாலே கையால் எழுதியதா என்று தெரிந்துவிடும். கையால் எழுதியது என்பதை மட்டும் அடையாளமாக வைத்துக்கொண்டதன் விளைவு இது. கை இருந்தால் போதும், நிறம் எதுவானாலும் சரி என்ற நிலை வந்தது. அப்புறம் கையும் வேண்டாம், கை எழுதியது போலத் தெரிந்தால் போதும் என்ற நிலை.

ஹாரிஸ் ட்வீட்டோடு வைத்துப் பார்த்தால் நமக்கு ஒரு சாதகம் உண்டு. அங்கே சட்டம் கடுமை, ஆனால் க்ரோட்டல் எடுக்கப் பாறையைச் சுரண்டுவதை இன்று யாரும் ஊக்குவிக்க முடியாது. கற்பாசி வளர்வது அவ்வளவு மெதுவு. இம்பூறல் அப்படியல்ல. பயிராக வைத்தவர்கள் இருந்திருக்கிறார்கள், மணற்பாங்கான கரையில் தானாகவும் முளைக்கிறது. பழவேற்காடு ஏரியின் வடகரையும் காளஹஸ்திப் பயிற்சி நிலையமும் இப்போது ஒரே மாவட்ட நிர்வாகம். சில ஏக்கரில் வேர் பயிரிட்டு, அந்த வேரின் சிவப்பையும் கடைப்பொடியின் சிவப்பையும் ஒரே துணியில் அருகருகே ஏற்றி, பத்து வெளுப்புக்குப் பிறகு எடுத்துப் பார்க்கலாம். ஒரு வேளாண் கல்லூரியும் ஒரு பட்டறையும் சேர்ந்தால் முடிந்துவிடும் வேலை.

பேச்சைப் பதிவு செய்வது அதைவிட அவசரம். குப்பத்தில் 1997இல் திராவிடப் பல்கலைக்கழகம் தொடங்கியதே தென்மொழிகள் ஒன்றையொன்று தொடும் இடங்களை ஆராயத்தான். பாலில் நனைத்த துணியை எப்போது வெயிலிலிருந்து எடுப்பது, கசிமி பதமாகிவிட்டது என்பதை நாக்கில் தொட்டா மோந்தா கண்டுபிடிப்பது, கெட்டுப்போன சிவப்புக்கு என்ன பெயர் என்றெல்லாம் காளஹஸ்தியில் தெலுங்கிலும் சிக்கல்நாயக்கன்பேட்டையில் தமிழ் கலந்த தெலுங்கிலும் சொல்லத் தெரிந்தவர்கள் இருக்கும்போதே ஒலிப்பதிவோடு ஒரு தொழில் அகராதி தொகுக்கலாம். மெக்கன்சிக்காகக் காவலி சகோதரர்கள் ஊர் ஊராகப் போனதைப் போல இதற்கும் தெலுங்கும் தமிழும் தெரிந்த இரண்டு பேர் போக வேண்டியிருக்கும். இந்த முறை அவர்கள் கோயில் மானியத்தையும் பாளையக்காரர் வம்சாவளியையும் விட்டுவிட்டு, சாயப்பானை இருக்கும் கொல்லைப்புறத்துக்கு நேரே போகட்டும்.